சாவு சொல்லும் சம்பந்தி

மூன்று வாரத்துக்கு முன்னால், ஒரு சனிக்கிழமை. சாவுச் செய்தி சொல்லும் வேலை ஒன்று என் தலையில் விழுந்தது. போய்ச் சேர்ந்தவர் ஒரு டாக்டர். செய்தியைக் கேட்க வேண்டியவரும் அதே டாக்டர்தான். அக்கா வீட்டு மாடியில் தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

குழப்பமாக இருக்கிறதா? இருங்கள், முதலிலிருந்து வருகிறேன்.

என் அக்கா பாப்பாரப்பட்டியில் இருக்கிறாள். அவள் மகள் கவிதா ஜெர்மனியில் வேலை பார்க்கிறாள், அங்கேயே ஒரு ஜெர்மன்காரரைக் கட்டிக்கொண்டாள். மாப்பிள்ளையின் அப்பா வெர்னர் – அக்காவுக்குச் சம்பந்தி – டிவி நடிகர். இந்த ஒரு வார்த்தையை வைத்தே அக்கா ஊரில் நாலு வருஷம் ஓட்டினாள். வெள்ளைக்காரனா, என்ன ஆளுங்க என்று யாராவது ஆரம்பித்தால், சம்மந்தி டிவில நடிக்கறாருங்க என்பாள். பேச்சு அங்கேயே நின்றுவிடும்.

பேத்திக்குக் காதுகுத்து என்று எல்லோரும் வந்து இறங்கினார்கள். ஹாலில் தெருவே கூடியது. கவிதா யூடியூபில் தேடி, பெரிய டிவியில் போட்டாள். ஆஸ்பத்திரி சீரியல். வெள்ளைக் கோட்டில் சம்பந்தி நடந்து வந்தார். காத்திருந்த பெண்ணிடம் ஒரு வாக்கியம் சொன்னார். அவள் அழுதாள். சம்பந்தி போய்விட்டார். அடுத்த எபிசோட்... வேறு பெண், அதே வாக்கியம்.

நாற்பது வருஷத் தொழில் இது. முதல் பாதியில் போஸ்ட்மேன், பக்கத்து வீட்டுக்காரர், பாதிரியார், கொலையைப் பார்த்த சாட்சி. அப்புறம் இருபத்திரண்டு வருஷமாக இந்த டாக்டர். நோயாளி பிழைத்தால் ஹீரோ டாக்டர் வந்து சொல்வார். செத்தால் இவரை அனுப்புவார்கள். ஜெர்மனியில் இவர் முகம் தெரியாதவர் கிடையாதாம். பெயர் தெரிந்தவர்தான் யாரும் இல்லை. ஒருமுறை முட்டிவலிக்காக நிஜ ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறார். மனைவியைப் பிரசவத்துக்குச் சேர்த்துவிட்டுக் காத்திருந்த ஒருவர், இவர் எதிரே வருவதைப் பார்த்து மயங்கி விழுந்துவிட்டாராம்.

அக்காவுக்கு மனசு கேட்கவில்லை. ஒரு நல்ல சேதி சொல்ற மாதிரி ஒரு சீன்கூடவா குடுக்க மாட்டாங்க, கேளுடா என்றாள். இங்கிலீஷில் கேட்டேன்.

"ஒரு தடவை கேட்டுப் பார்த்தேன்" என்றார் வெர்னர். "நம்பும்படி இல்லை என்று சொல்லிவிட்டார்கள்."

சிக்கல் என்னவென்றால், காதுகுத்து அடுத்த ஞாயிற்றுக்கிழமை. அவர் புதன்கிழமையே கிளம்புகிறார். புது சீசன் ஷூட்டிங். தினமும் காலையில் மாடியில் கண்ணாடி முன்னால் நின்று அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லிப் பார்ப்பார். மீசையை வெட்ட மாட்டார், முகத்தில் வெயில் படவிட மாட்டார். போன சீசனில் இருந்த மாதிரியே இருக்க வேண்டுமாம், கண்டினியூட்டி. ஒகேனக்கல் கூட்டிப்போனோம். பரிசலில் குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பரிசல்காரர் தன் சர்வீஸில் இப்படி ஓர் ஆளைப் பார்த்ததில்லை.

அந்தச் சனிக்கிழமை, வெர்னரிடம் நேரே சொல்லத் துணிச்சல் இல்லாமல், அவருடைய ஏஜென்ட் மாப்பிள்ளைக்குப் போன் செய்தார். புது சீசனில் அந்த டாக்டர் கிடையாது. சாகடிக்கக்கூட இல்லை. வேறு ஊருக்கு மாறிப்போய்விட்டார் என்று ஒரு நர்ஸ் சொல்வாள், அவ்வளவுதான். புதன்கிழமை கிளம்பி அவர் போய் இறங்கினால் அங்கே வேலையே இல்லை.

யார் சொல்வது? மாப்பிள்ளை தன்னால் முடியாது என்று ஒதுங்கிவிட்டார். கவிதா என்னைப் பார்த்தாள்.

"வாரா வாரம் பத்திரிகையில பக்கம் பக்கமா எழுதறீங்களே மாமா... ஒரே ஒரு வரி. போய்ச் சொல்லுங்க."

எழுதுவது வேறு. நம் பக்கத்தில் சாவை யார் நேராகச் சொல்லியிருக்கிறார்கள்? போனில், "ரொம்ப முடியாம இருக்காங்க, கெளம்பி வாங்க" என்போம். கேட்கிறவர் வழியிலேயே மாலை வாங்கிக்கொண்டு பஸ் ஏறுவார். அந்தப் பழக்கத்தில்தான் நானும் மாடி ஏறினேன்.

உட்கார்ந்தேன். தயிர் புளிக்கிறதா என்று கேட்டேன். முட்டிவலியை விசாரித்தேன். கடைசியில், உங்கள் டாக்டருக்கு உடம்பு கொஞ்சம் சரியில்லை என்று கேள்விப்பட்டேன் என்றேன்.

வெர்னர் தட்டைக் கீழே வைத்தார்.

"தப்பு" என்றார். "உட்காரக் கூடாது. சாப்பாட்டைப் பற்றிப் பேசக் கூடாது. முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் கேட்கிறவருக்கு நம்பிக்கை வளர்ந்துவிடும். வெளியே போய் மறுபடி வாருங்கள்."

போனேன். வந்தேன். நின்றேன்.

"டாக்டர் இனிமேல் இல்லை. வருந்துகிறேன்."

நன்றாக இருந்தது என்றார். அப்புறம் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். எப்படிச் சாகிறேன் என்று கேட்டார். சாகவில்லை, வேறு ஊர் என்றேன். அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. எத்தனை பேர் சாவைச் சொன்னவர்... அவருக்கென்று ஒரு சாவுகூட எழுதவில்லையே.

அடுத்து என்ன செய்வது? சீரியலில் டாக்டர் சொல்லிவிட்டுப் போய்விடுவார். நானும் கீழே இறங்கிவிட்டேன்.

விஷயத்தைச் சொன்னதும் அக்கா கிரைண்டரை நிறுத்தினாள். நடிப்புதானே, நிஜமா யாரும் சாகலையே என்று நான் இழுத்தேன்.

"இருவத்திரண்டு வருசம் ஒருத்தரா இருந்துட்டு, இனிமே அவரு இல்லைன்னா அது சாவுதாண்டா" என்றாள்.

மேலே போய், சம்பந்திக்கு எதிரே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். ஒரு வார்த்தை பேசவில்லை. அவளுக்கு இங்கிலீஷ் வராது. துக்கத்துக்கு இங்கிலீஷ் எதற்கு?

பக்கத்து வீட்டம்மா வந்தார். எதிர்வீட்டு டெய்லர் வந்தார். சீரியல் பார்த்த தெரு முழுக்க ஒவ்வொருவராக மாடி ஏறியது. பத்து நிமிஷம் தரையைப் பார்த்து உட்கார்ந்திருப்பார்கள், எழுந்து போய்விடுவார்கள். ஒருவர் பிளாஸ்க்கில் காபி கொண்டுவந்து வைத்தார். ராத்திரிச் சாப்பாடும் பக்கத்து வீட்டிலிருந்துதான் வந்தது.

இவர்கள் ஏன் போகும்போது ஒன்றுமே சொல்லவில்லை என்று வெர்னர் என்னிடம் கேட்டார். துக்க வீட்டில் போயிட்டு வர்றேன் என்று சொல்லக் கூடாது, அதுதான் மரியாதை என்றேன்.

"யாருக்காகத் துக்கம்?"

"டாக்டருக்காக."

பிளாஸ்க்கைத் திறந்து எனக்கும் ஒரு டம்ளர் காபி ஊற்றினார்.

"நான் சொல்லிவிட்டுக் கதவைத் தாண்டிவிடுவேன். காமிராவும் என்கூடவே வந்துவிடும்" என்றார் பிறகு. "அதற்கப்புறம் அந்த மனிதர்கள் என்ன செய்வார்கள் என்று இத்தனை வருஷமாக எனக்குத் தெரியாது."

மறுநாள் டிக்கெட்டை மாற்றினார். பஸ் ஸ்டாண்டு பக்கத்து சலூனில் மீசையை எடுத்தார். காதுகுத்தில் வேட்டி கட்டிக்கொண்டு, வெயிலில் நின்று பந்தி விசாரித்தார். ஊசியைப் பார்த்து அழாத பேத்தி, மீசை இல்லாத தாத்தாவைப் பார்த்துத்தான் அழுதாள்.

அதற்கடுத்த செவ்வாய்க்கிழமை கிளம்பினார்கள். பெட்டியெல்லாம் ஏற்றியாயிற்று. வெர்னர் ஒவ்வொருவர் கையையும் பிடித்தார், தரையைப் பார்த்தார், ஒரு வார்த்தை பேசாமல் காரில் போய் உட்கார்ந்துகொண்டார்.

அக்கா முகம் வெளுத்துவிட்டது. "என்னடா இது... நல்ல வூட்டுல இருந்து இப்புடியா போவாங்க?"

எனக்குப் புரிந்துவிட்டது. துக்க வீடு என்பதை விட்டுவிட்டு, நம் ஊரில் விடைபெறும் மரியாதையே அதுதான் என்று மனுஷர் கற்றுக்கொண்டிருக்கிறார். கற்றுக்கொடுத்தவன் நான்தான்.

கார் கதவைத் திறந்தேன்.

"தப்பு" என்றேன். "இறங்கி மறுபடி வாருங்கள்."

சொல்ல வேண்டியதைக் காதில் சொன்னேன். உதட்டுக்குள்ளேயே நாலு தடவை சொல்லிப் பார்த்தார். அக்கா முன்னால் போய் நின்று கைகூப்பினார்.

"போயிட்டு வர்றேங்க."

"வாங்க சம்மந்தி" என்றாள் அக்கா, கண்ணைத் துடைத்துக்கொண்டு.

அவர் தொழிலிலேயே முதல் நல்ல சேதி அதுதான்... நம்பும்படியாகவே இருந்தது.