அரக்கனை வெட்டிய கவ்வாத்துக்காரர்

லயத்து வீட்டு வரிசைக்குப் பின்னால் நின்ற, குலை வெட்டி முடிந்த வாழைமரத்தைக் காட்டி, “இதுதான் அரக்கன் கழுத்து” என்றார் செல்லசாமி. கிருஷாந்தி கொப்பியும் பேனாவுமாக நின்றாள். கொழும்பில் லிப்ட் பழுது பார்ப்பவள், தீபாவளிக்கு வந்திருந்தாள். தான் எழுதும் நாவலில் அரக்கன்மேல் வெட்டு சரியாக விழுகிறதா என்று கணக்கெடுக்க அப்பா அவளைத்தான் கூப்பிட்டார்.

மேலிருந்து இறக்கிய முதல் வெட்டில் தண்டு நசுங்கிப் பிளந்தது. விழ ஐந்து வெட்டு பிடித்தது. அடுத்த மரத்தில், தேயிலை வெட்டும் கவ்வாத்துக் கத்தியைக் கீழிருந்து மேலாகச் சாய்த்து இழுத்தார். இரண்டே வெட்டு.

“பாத்தியா? மேல இருந்து போட்டா கெளை பொளந்துரும். முப்பத்தொரு வருசமா இதத்தானே செய்றேன். கதையிலயும் கீழ இருந்துதான் எழுதியிருக்கேன்.”

“வாழைக்கு எலும்பு இல்லப்பா. வாள் புடிச்சவன் எவன் கீழ இருந்து வெட்டுவான்? வாசிக்கிறவங்க சிரிப்பாங்க.”

அவர் முகம் சுருங்கியது. “அப்ப மாத்திருறேன்” என்றார்.

செல்லசாமி எட்டாம் வகுப்பு வரை படித்தவர். அக்கரப்பத்தனைப் பக்கத்துத் தோட்டத்தில் தேயிலைச் செடி கவ்வாத்து வெட்டுகிறவர். மனைவி இறந்தபின் போனில் டப்பிங் படங்களாகப் பார்த்துத் தள்ளினார். டிராகன், கோடரி, குள்ளர் படை. இதெல்லாம் எங்கிருந்து வந்தது என்று மகளைக் கேட்டார். அவள் சனிக்கிழமைகளில் வடஐரோப்பாவின் பழங்கதைகளைத் தேடிப் படித்து, போனில் தமிழில் சொன்னாள். ஓநாயின் வாயில் கையை வைத்து இழந்த கடவுள். முதல் அரக்கனைக் கொன்று, சதையை மண்ணாக்கி, எலும்பை மலையாக்கி, மண்டையோட்டை வானமாகக் கவிழ்த்த சகோதரர்கள். அவன் இரத்தத்திலேயே அவன் இனம் மூழ்கியது.

“இந்தக் காலத்துக் கதைக்காரனுங்க எல்லாம் அந்தப் பழைய சட்டியிலதான் அள்ளுறானுங்க. நானும் ஒரு அகப்பை போட்டா என்ன?”

மூன்று கொப்பி எழுதினார். அவருடைய அரக்கனின் இரத்தம் தேயிலை மலையின் வடிகால் கான்கள் வழியே இறங்கியது. கடவுள்கள் காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக்கு நிற்பதுபோல் வரிசையில் நின்று கத்தி தீட்டினார்கள். வெட்டி வெட்டி மூச்சு வாங்கினார்கள். கொப்பிகளை அக்கரப்பத்தனைக் கடையில் லோஜினி டைப் செய்தாள். வாழை வெட்டிய அன்று பின்னேரமே அவளைப் போனில் அழைத்தார்.

“கடேசி வெட்ட மாத்தணும் புள்ள. வெள்ளிக்கெழம வந்து சொல்றேன்.”

“மறுபடியுமா மாமா? அரக்கன் இதோட நாலு தடவ செத்துட்டான்.”

“இந்தத் தடவ எந்திரிக்கமாட்டான்.”

புதன்கிழமை காலை அவர் வெட்டிய செடிக்கடியில் குளவிக்கூடு இருந்தது. எல்லோரும் ஓடினார்கள். பக்கத்து நிரையில் நின்ற வீரய்யா கானில் விழுந்தார். செல்லசாமி திரும்பி வந்து, இடுப்பில் கட்டியிருந்த படங்குச் சாக்கை அவிழ்த்து அவர்மேல் போட்டார். குளவிகள் செல்லசாமியின் தலையை மூடின. கண், காது, நாக்கு. லொறி வரும்போது மூச்சு இல்லை. கழுத்துக்கு மேலே மட்டும் நூறு கொட்டுக்கு அதிகம்.

“கத்திய வீசிக்கிட்டே இருந்தாம்மா,” என்றார் வீரய்யா, வீங்கிய உதட்டோடு. “கண்ணு ரெண்டும் போச்சு. அப்பயும் கீழ இருந்து மேல, கீழ இருந்து மேல. கையி கண்டது அதத்தானே.”



வெள்ளிக்கிழமை அக்கரப்பத்தனைக்குப் போகும் பத்து மணி பஸ் செல்லசாமி இல்லாமல் போனது. மத்தியானம் லோஜினி அழைத்தாள்.

“அக்கா, கேக்கவே கஷ்டமா இருக்கு. அந்த வெட்ட எப்புடி மாத்தணும்னு மாமா ஒங்ககிட்ட சொன்னாங்களா?”

“ஒன்கிட்ட வந்து சொல்லலதானே?”

“இல்லக்கா.”

“அப்ப மாத்தாத.”