வியட்நாம் சூப்பும் என் முகமும்

ஜெர்மனியில், எங்கள் டுசல்டோர்ஃப் நகர வியட்நாம் உணவகத்தின் செஃப் ஒரு ஜெர்மன்காரர். ஹனோயில் பல வருடம் தங்கிச் சமையல் படித்தவர். இன்றும் விடியற்காலையிலேயே வந்து, எலும்பு அவித்துச் சூப் வைத்தார். தமிழனான நான் பக்கத்தில் நின்று வெங்காயம் வெட்டினேன்.

மதியம் சாப்பிட்டு முடித்த ஒரு ஜெர்மன் அம்மா சமையலறைக்குள் வந்தார். செஃப்பைத் தாண்டி வந்து என் கையைப் பிடித்து, "உங்கள் நாட்டுச் சூப் உங்கள் கைக்குத்தான் வரும்" என்றார்.

நான் தலையாட்டினேன்.

அவர் போனதும் கோப்பை கழுவும் அண்ணை கேட்டார்: "ஏனடாப்பா தலையாட்டினனி?"

"விடியத் தொடக்கம் நிக்கிறன் அண்ணை. விளங்கப்படுத்த ஏலாது."

வீட்டுக்குப் புறப்படும்போது செஃப், "நாளைக்குச் சூப்பை நீயே வை" என்றார்.

வியட்நாம் சூப் வைக்கத் தெரிந்தவர்கள் இருந்தால் சொல்லுங்கோ. எனக்கு ரசம்தான் தெரியும்.