முதல் ரீலில் சாகிறவர்

சிட்னியின் கிரவீன் புறநகரில் எங்கள் அடுத்த வீட்டுக்காரர் எழுபது வயது ஸ்பானியர். படங்கள் பேசத் தொடங்காத காலத்தில் தம் நாட்டில் துணை நடிகராக இருந்தவர். கதாநாயகனின் அண்ணனாகவோ வண்டிக்காரனாகவோ பாதிரியாராகவோ வருவார். முதல் ரீல் முடிவதற்குள் செத்துவிடுவார்.

"கதாநாயகனுக்குக் கோபம் வர ஒரு காரணம் வேண்டாமா? அந்தக் காரணம் நான்தான்" என்று வேலிக்கு மேலாக ஆங்கிலத்தில் விளக்குவார்.

அவருக்கு ஒரு மனக்குறை இருந்தது. அவர் சாவதைப் பார்த்த இயக்குநர்கள் எல்லோரும், தூங்குவது போல் இருக்கிறது என்றார்களாம். ஒரே ஒரு படத்தில் மட்டும் தாம் ஒழுங்காகச் செத்ததாக அவர் நம்பினார். அதன் பிரதி எங்கிருந்தோ கிடைத்து, ஒரு கோடைகால ஞாயிறு மாலை ஐந்து மணிக்குப் பரமட்டாவில் ஒரு மண்டபத்தில் திரையிட அவருடைய நாட்டவர்கள் ஏற்பாடு செய்தார்கள்.

"உங்கள் மனைவி கட்டாயம் வரவேண்டும். ஆஸ்பத்திரித் தாதி, எத்தனை சாவு பார்த்தவர்! அவர் நம்பினால் எனக்குப் போதும்" என்றார்.

அன்று நான் நாலு மணிக்கே கார்ச் சாவியோடு நின்றேன். மனைவி மணிக்கூட்டைப் பார்த்தாள்.

"இஞ்சருங்கோ, நாலரைக்கு ராகுகாலம். நான் இன்னும் சீலை உடுக்கேல்லை. ஆறுக்குப் பிறகு வெளிக்கிடுவம்."

"அது சூரியனை வச்சுப் போட்ட கணக்கப்பா. இஞ்ச கோடைக்கு மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளி வச்சிருக்கிறாங்கள். உண்மையான ராகுகாலம் ஐந்தரைக்குத்தான் தொடங்கும்."

"உங்கட கணக்கு ராகுவுக்குத் தெரியுமோ?"

"உம்மட ராகு அரசாங்க மணிக்கூடு பார்த்தோ வாறவர்?"

தோசைக்கல்லைச் சூரியனாகவும் தேசிக்காயைப் பூமியாகவும் வைத்து விளக்கினேன். விளக்கி முடிந்தபோது நாலரை தாண்டியிருந்தது. அவள் கதிரையில் நன்றாகச் சாய்ந்துகொண்டாள். ஆறு மணிக்குப் புறப்பட்டோம்; என் கணக்கின்படி, ராகுகாலத்துக்குள்ளேயே.

நாங்கள் நுழைந்தபோது கதாநாயகன் வாளெடுத்து ஆட்களை வெட்டிச் சாய்த்துக்கொண்டிருந்தான். அவன் யாருக்காகப் பழிவாங்குகிறான் என்பது எங்களுக்குத் தெரியும். அவர் செத்ததைத்தான் பார்க்கவில்லை.

படம் முடிந்து விளக்குகள் எரிந்தன. எங்கள் ஸ்பானியர் ஓடிவந்து மனைவியிடம் கேட்டார்: "எப்படி? நம்பினீர்களா?"

பிந்தி வந்ததை அவள் மறைக்கவில்லை. அவர் முகம் சுருங்கியது. நெஞ்சைப் பிடித்தார். பக்கத்துக் கதிரையைப் பற்றப் பார்த்தார்; கை வழுக்கியது. முழங்கால்கள் மடிய, சுவரோடு சரிந்து தரையில் விழுந்தார்.

"ஐயோ! அம்புலன்ஸைக் கூப்பிடுங்கோ!" என்று கத்திய மனைவி, அவருக்கென்று கொண்டுவந்த பற்றீஸ் பலகாரப் பெட்டியை எறிந்துவிட்டு முழந்தாளிட்டாள். அவருடைய டையைத் தளர்த்தி, மணிக்கட்டில் நாடி பார்த்தாள். நான் ஒரு கதிரையைத் தட்டிவிட்டுக்கொண்டு தொலைபேசியைத் தேடி ஓடினேன்.

"இப்போது?" என்றது பின்னால் ஒரு குரல். திரும்பினேன். அவர் ஒரு கண்ணை மட்டும் திறந்திருந்தார்.

மனைவி அவர் கையை உதறினாள். "விசர் மனுசன்! என்ர சீவன் போட்டுது!"

"என்ன சொல்கிறார்?" என்று என்னிடம் ஆவலோடு கேட்டார்.

"நம்பிவிட்டாராம்" என்று மொழிபெயர்த்தேன்.

அவர் எழும்பவில்லை. கிடந்தபடியே தம் நாட்டவர்களை ஒவ்வொருவராக அழைத்து, ஒரு தாதி தளர்த்திய டையைக் காட்டிக்கொண்டிருந்தார்.