அம்சத்தின் மிக்ஸியும் காமு மாமியின் ஏகாதசியும்

அரசாங்கம் கொடுத்த மிக்ஸியைப் பெட்டிகூடப் பிரிக்காமல் ஒரு வருஷம் வைத்திருந்தவள் அம்சம். அதுவும் எங்கே? முந்தைய அரசாங்கம் கொடுத்த டிவியின் தலைமேல். இரண்டு ஆட்சிகளும் சண்டையில்லாமல் ஒன்றாக இருந்த இடம் சீர்காழி வட்டாரத்திலேயே அவள் வீடு ஒன்றுதான்.

கை வலிக்க அம்மியில் அரைப்பாள். மிக்ஸியைப் பற்றிக் கேட்டால், "அதுக்கு ஒரு வேள வரும்" என்பாள். சித்திரையில் வந்தது. காமு மாமி வருகிறாளாம்.

காமு மாமி குடும்பத்து வயலில் நாற்று நட்டவள் அம்சத்தின் தாய். "ஆண்டே" என்று கூப்பிட்டுவிட்டுத் தள்ளி நிற்பாள். அப்புறம் வயலாட்கள் கொடி பிடித்தார்கள், கூலி கேட்டார்கள், அடி வாங்கினார்கள், சட்டம் வந்தது. மாமி குடும்பம் மாம்பலம் போனது. அம்சம் கூசாமல் "மாமி" என்று கூப்பிட ஆரம்பித்தாள். இப்போது அதே வயலை அம்சமும் புருஷன் துரைராசுவும் வாங்குகிறார்கள். நாளைக்குப் பத்திரப் பதிவு; அதற்குத்தான் மாமி வருகை.

மாமி இந்த வீட்டுக்கு முன்பும் வந்ததுண்டு. ஒரு தரம் "இப்பத்தான் காபி ஆச்சு"; மறு தரம் சர்க்கரை வியாதி; அதற்கடுத்த தரம் பல்வலி. ஒரு வாய் தண்ணீர் இறங்கியதில்லை.

"இந்தத் தரமும் கை நனைக்காம போனா, நாளைக்கு நான் ரிஜிஸ்தர் ஆபீசுக்கு வரமாட்டேன்" என்றாள் அம்சம்.

"வெளயாடாத புள்ள. ஒம் பேர்லதான் பத்திரமே."

"அதான் சொல்றேன். எங்கிட்ட பணம் வாங்கலாமாம், தண்ணி வாங்கக் கூடாதாமா?"

துரைராசுவுக்கு வயல் கண்ணுக்குத் தெரிந்தது, கைக்கு எட்டவில்லை.

மாமி பார்த்துப் பார்த்துத் தேர்ந்தெடுத்த நாள் ஏகாதசி. அம்சம் துள்ளிக் குதிக்காத குறை. அன்றைக்கு அடுப்பில் ஏறியதுதானே ஆகாது? டிவியில் ஒருத்தி பழத்தையும் கொட்டையையும் அடித்துத் தம்ளரில் ஊற்றியதை அவள் பார்த்திருந்தாள். மாம்பழம், பூவன்பழம், முத்துப்பேட்டை பாய் கடைப் பேரீச்சை, பட்டுக்கோட்டையில் வாக்கப்பட்ட மகள் அனுப்பிய முந்திரி, இளநீர், அதன் வழுக்கை எல்லாம் ஜாருக்குள் போயின. மாமி வந்து நாற்காலியில் உட்கார்ந்தாள். அம்சம் சுவிட்சைத் தட்டினாள்.

கரண்ட் போயிற்று. மிக்ஸி கொடுத்தவர்கள் மின்சாரமும் தருவதாகச் சொன்னார்களா என்ன?

"அம்மியில அரச்சிடேன்" என்று கிசுகிசுத்தான் துரைராசு.

"நேத்து வெரா மீனுக்கு அரச்ச அம்மி. அறிவிருக்காய்யா? போய்ப் பேசிக்கிட்டு இரு, எழுந்திரிக்க விடாத."

துரைராசு பேசினான். வாய்க்கால், வரப்பு, மேட்டூரில் தண்ணீர் திறக்காதது, நண்டு ஓட்டை என்று ஒன்று விடவில்லை. நண்டு ஓட்டையில் மாமி எழுந்துவிட்டாள்.

"நாழியாச்சு. வாசல்ல கார் நிக்கறது."

தலைக்கு மேல் மின்விசிறி ஒரு சுற்றுச் சுற்றியது. உள்ளே மிக்ஸி கதறியது. அம்சம் தம்ளரோடு ஓடி வந்து வழியை மறித்தாள்.

"இன்னிக்கு ஏகாதசிடி அம்சம்."

"தெரியும் மாமி. அடுப்பே மூட்டல."

"பால் விட்டிருப்பியே, காய்ச்சினதுதானே?"

"எளநீ மாமி."

"முந்திரிய வறுத்துன்னா ஒடப்பா?"

"பச்சக் கொட்ட. அருவாமணையில நானே அறுத்தேன். பாருங்க." அம்சம் விரல்களை நீட்டினாள். முந்திரிக்கொட்டைப் பால் பட்டுத் தோல் உரிந்திருந்தது.

மாமி அந்த விரல்களைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு தம்ளரை வாங்கி, உதட்டில் படாமல் அண்ணாந்தாள். பரம்பரை வழக்கம், காபியும் மோரும் அப்படித்தான் இறங்கும். இது இறங்கவில்லை. வழுக்கையும் முந்திரியும் சேர்ந்து களிமண் பதத்துக்கு நின்றன. மாமி இன்னும் சாய்த்தாள். ஒரு கட்டி வந்து மூக்கில் உட்கார்ந்தது.

துரைராசு கண்ணை மூடிக்கொண்டான்.

மாமி மூக்கைத் துடைத்தாள். வாசலைப் பார்த்தாள், டிரைவர் இந்தப் பக்கம் பார்க்கவில்லை. தம்ளரை வாயில் வைத்தாள். கீழே வைத்தபோது அது காலி.

"ஒரு ஏலக்கா தட்டிப் போட்டிருக்கலாம்" என்றாள்.

"அடுத்த தரம் போட்டுடறேன் மாமி" என்ற அம்சம், புருஷன் பக்கம் திரும்பினாள்.

"யோவ், கண்ணத் தொற. நாளைக்கு எந்தப் பொடவ கட்டட்டும்?"