சாமிக்கு என்று ஏற்றிய மணல்

ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுத்து வருகிறவர்களுக்குக் கால் சுடாமலிருக்க, வழியில் நாங்கள் போடும் பந்தலில் ஆற்று மணல் பரப்புவோம். சாமி காரியத்துக்கு அனுமதி எதற்கு என்று, அக்கா வீட்டுக்காரரான பாவாவின் டிராக்டரில் ஏற்றி வந்தோம்.

கே.ஜி.கண்டிகையில் ஜீப்பில் வந்த ஓர் அதிகாரி மறித்தார். "இங்கியே அபராதம் கட்டு. இல்லன்னா வண்டி ஏலத்துக்குப் போயிடும், ரெண்டு பேரும் உள்ள போவீங்க."

தாலிச் சங்கிலியைக் கழற்றப் போனேன்.

"வாணாம்மா!" என்று தடுத்த பாவா, "சார், வண்டிய ஆபீசுக்கே ஓட்டிகினு வரேன்" என்றார்.

அங்கே தாசில்தார் சொன்னார்: "நிறுத்தி ரிப்போர்ட் அனுப்பத்தான் அவருக்கு அதிகாரம். உங்க விளக்கத்தைக் கேட்டுட்டுதான் வருவாய்க் கோட்டாட்சியர் அபராதம் போடுவார்." அப்படியே நோட்டீஸ் வந்தது; விளக்கம் கொடுத்து, அபராதத்தைக் கட்டினோம்.

இப்போது அனுமதி இல்லாமல் ஒரு கூடை மணலும் எடுப்பதில்லை. ஆனாலும் ஜீப் சத்தம் கேட்டால் என் கை கழுத்துக்குப் போய்விடுகிறது.