வைலே ஸ்டேஷனில் என் அம்மா

என் அம்மாவாக நடிக்க முடியாது, பெங்களூருக்கே திரும்பிப் போகிறேன் என்று வெளிநாட்டில், வைலே ரயில் ஸ்டேஷனில் முறுக்கிக்கொண்டு நிற்கிறார் கன்னடத்தின் பழைய கதாநாயகி. முதல் படத்தில் எனக்குக் காதலி, பிறகு அண்ணி, நாளை பக்கத்து ஊரான ஹோர்சன்ஸில் தொடங்கும் படத்தில் அம்மா. நான் அவரைவிட ஆறு வயது மூத்தவன். எனக்கு இன்னும் காலேஜ் பையன் வேடம்தான்.

பெஞ்சில் இருக்கும் யாழ்ப்பாணத்துப் பெண் எங்கள் தமிழைக் கேட்டு எழுந்து எனக்கு இடம் தருகிறார்.

"அப்பு, வயசு போன ஆள் நீங்கள், இதில இருங்கோ. மகள் நிப்பா."

"மகள் இல்லீங்க..."

"அப்ப மருமகளோ? நல்ல பிள்ளை, கவனமாக் கூட்டிக்கொண்டு வாறா."

கதாநாயகி என் கையைப் பிடித்து உட்காரவைக்கிறார். உடனே டைரக்டருக்குப் போன்.

"நடிக்கிறேன் சார். ஆனா மகன் வேஷத்துக்கு வேற ஆளைப் பாருங்க. பெரியவரால நிக்கவே முடியல."