கச்சேரி வாசலில் அண்ணன் சொன்ன சொல்

அய்யாவை நம்பி வாழும் மக்களே, நாதியில்லாம நின்ன எனக்கு அய்யா வழி திறந்ததைச் சொல்லத்தான் எழும்பியிருக்கேன்.

நாடு சுதந்திரமாகி நாலாம் வருசம், ஆடி மாசம். சிலோன் தேயிலைத் தோட்டத்துல எங்களுக்கு உரிமை இல்லன்னு ஆக்கிட்டாங்க. ஏழு குடும்பம் கப்பலேறி குலசேகரம் வந்து சேர்ந்தோம். நான் பதினாலு வயசுல விட்டுப்போன ஊர். ஊர் அதிகாரி பார்வத்தியக்காரர், "நீ இந்த ஊருன்னு சொல்ல யாரு உண்டு?" என்று கேட்டாரு. கையில ஒரு கடுதாசி கிடையாது. அண்ணன் உண்டுன்னு சொன்னேன். ஆளனுப்பிக் கேட்டாங்க.

"எனக்கு அப்படியொரு தம்பி கிடையாது" என்று சொல்லிட்டான் அண்ணன். அப்பாவுக்க மரச்சீனிக் கிழங்கு போட்ட விளை நிலத்துல பங்கு கேட்பேனோன்னு பயம்.

சொல்ல ஆளில்லாதவங்களைத் திருப்பி அனுப்புவோம்னு சொன்னாங்க. அங்கேயும் இல்ல, இங்கேயும் இல்ல. செத்தா போதும்னு இருந்தது. என் பெஞ்சாதிதான், "சர்க்கார் கச்சேரி வாசல்ல போய் இருப்போம். நாலுபேரு பாக்கட்டு" என்றா.

தக்கலை தாலுகா கச்சேரி முன்னால பிள்ளைகுட்டியோட இருந்தோம். பழைய வேட்டியில கரியால, 'நாங்களும் இந்த மண்ணு மக்கள்' என்று எழுதிப் பிடிச்சோம். போலீசு விரட்டிச்சு. போனோம், திரும்ப வந்தோம். மழை விடல்ல. என் மகளுக்குக் காய்ச்சல்.

ரெண்டாம் நாள் உச்சிக்கு, பக்கத்துல அய்யாவைக் கும்பிடுற நிழல்தாங்கலுக்குப் போனேன். தலைப்பாகை கட்டி, நாமம் சாத்தி நின்னேன். அண்ணன் கெட்டுப்போகணும்னு கேட்கத்தான் போனது. நாக்கு எழும்பல்ல. "அய்யா, அவன் மனசைத் திருப்பும்" என்று மட்டும் வந்தது. அழுதேன்.

மறுநாள் மத்தியானம் மதினி வந்தா. பின்னால அண்ணன், தலைகுனிஞ்சு. நேரே தாசில்தார் முன்னால போய் நின்னான்.

"ஏமானே, இவன் எனக்க தம்பி. நான் பொய் சொல்லிப்போட்டேன். நேத்து உச்சியில இருந்து ஒரு வாய் சோறு இறங்கல்ல."

நேத்து உச்சி! நான் நிழல்தாங்கல்ல நின்ன அதே நேரம்.

"எழும்பு மக்கா, வீட்டுக்குப் போவோம்" என்றான். மதினி என் மகளைத் தூக்கி இடுப்புல வச்சா. பெஞ்சாதியையும் அவங்களோட அனுப்பினேன். நான் எழும்பல்ல. மத்த ஆறு குடும்பம் இன்னும் இருக்காங்களே. அண்ணனும் ஈரத்தரையில என் பக்கத்துல இருந்தான்.

பிறகு அவனே ஊரூராப் போய் அவங்களுக்க சொந்தக்காரங்களைத் தேடிக் கொண்டுவந்தான். ஒரு குடும்பத்துக்கு மட்டும் யாரும் கிடைக்கல்ல. அவங்களுக்கு ஊர்க்காரங்க ஜாமீன் நின்னாங்க. ரெண்டு வாரத்துல எல்லார் பேரும் பதிஞ்சாச்சு.

இப்போ ரப்பர் பால் வெட்டப் போறேன். விளையில பாதியை அண்ணன் நீட்டினான். வீடு வைக்க இடம் மட்டும் வாங்கினேன். முன்னெல்லாம் தொட்டதுக்கெல்லாம் சபிப்பேன். அந்தப் பழக்கம் என்னை விட்டுப்போச்சு.

மக்களே, கஷ்டம் வந்தா அய்யாகிட்ட சொல்லுங்க. உங்களை இல்லன்னு சொன்னவங்களுக்காகவும் சேர்த்துக் கேளுங்க.